பழைய கிரேக்க ஏட்டை உள்ளபடியே பெயர்த்தெழுதுவது எப்படி?

பழைய கிரேக்கப் படிகளைப் பெயர்த்தெழுத, அதாவது மொழிபெயர்க்காமல் எழுத்துக்கு எழுத்து அப்படியே படியெடுக்கப் பழக விரும்புகிறவர்கள் கோடெக்ஸ் சினைட்டிகஸ் எனப்படும் சினாய் ஏட்டில் தொடங்குவது நல்லது. நான்காம் நூற்றாண்டின் நடுவில் தோலில் எழுதப்பட்ட விவிலியம் அது. எழுத்து நிமிர்ந்து, ஒன்றோடொன்று ஒட்டாமல், தெளிவாக இருக்கும். அதன் ஏடுகள், அதாவது தனித்தனி இதழ்கள், இன்று நான்கு இடங்களில் பிரிந்து கிடக்கின்றன: லண்டன் பிரிட்டிஷ் நூலகத்தில் 347, லைப்ஸிக் பல்கலைக்கழக நூலகத்தில் 43, எஞ்சியவை சினாய் மலையின் புனித கேத்தரின் மடத்திலும் சென்ட் பீட்டர்ஸ்பர்க்கிலும். 2009 முதல் இவற்றை ஒரே இணையதளத்தில் இலவசமாகப் பார்க்கலாம். படத்துக்குப் பக்கத்திலேயே வல்லுநர்கள் பெயர்த்தெழுதிய பாடமும் இருப்பதால், நாம் எழுதியது சரிதானா என்று உடனே சரிபார்த்துக்கொள்ளலாம். ஆனால் அந்தப் பாடத்தை முதலில் மூடிவைத்துவிடுங்கள். எழுதி முடித்தபிறகுதான் திறக்கவேண்டும்.

கிரேக்க இலக்கணம் தெரியாவிட்டாலும் முதல் சில பக்கங்களுக்கு 24 எழுத்தும், அச்சிட்ட கிரேக்கப் புதிய ஏற்பாடு ஒன்றும் போதும். கிரேக்கம் நன்றாகப் படித்தவர்களுக்கு வேறொரு ஆபத்து உண்டு. வசனம் மனப்பாடமாக இருப்பதால் கண் ஏட்டைப் பார்க்காமலே கை எழுதிவிடும். இந்த வேலையில் வரும் பிழைகளில் பெரும்பங்கு இந்த வகைதான். ஏட்டில் எழுத்துப்பிழை இருந்தால் அந்தப் பிழையோடுதான் எழுதவேண்டும். அது கைத்தவறா, வேறு பாடமா, பின்னால் வந்தவர் செய்த வேலையா என்ற ஆராய்ச்சியெல்லாம் பிறகு.

முதலில் முகவரி

படத்தை இறக்கியதும் கோப்புக்குப் பெயர் வையுங்கள். நூலகம், நூலக எண், ஏட்டு எண், முன்பக்கமா பின்பக்கமா என்ற நான்கும் அந்தப் பெயரில் இருக்கவேண்டும். இணைய முகவரியை மட்டும் குறித்துக்கொண்டால் பின்னால் தவிக்க நேரும். 2023 அக்டோபரில் பிரிட்டிஷ் நூலகத்தின்மீது நடந்த இணையத் தாக்குதலுக்குப் பிறகு அங்கிருந்த கையெழுத்துப் படிகளின் படங்கள் நெடுநாள் கிடைக்கவில்லை. பழைய இணைப்புகள் பல உதவாமல் போயின. நூலக எண்ணைக் குறித்து வைத்திருந்தால் படம் எங்கே இடம் மாறினாலும் தேடிப் பிடித்துவிடலாம்.

கிரேக்கப் புதிய ஏற்பாட்டுப் படிகளுக்குக் கிரகரி-ஆலந்து எண் என்று ஒரு பொதுப் பட்டியல் இருக்கிறது. ஜெர்மனியின் மூன்ஸ்டர் நகரில் குர்ட் ஆலந்து 1959-இல் தொடங்கிய ஆய்வு நிறுவனம் அதைப் பராமரிக்கிறது. பாப்பிரஸ் என்ற நாணல் தாளில் எழுதியவற்றுக்கு எண்ணுக்கு முன் 'பி' வரும். தோலில் பேரெழுத்தால் (ஆங்கிலப் பெரிய எழுத்துபோல்) எழுதியவை சுழியத்தில் தொடங்கும். சிற்றெழுத்தால் (ஆங்கிலச் சின்ன எழுத்துபோல்) எழுதிய படிகளுக்கு வெறும் எண். சினாய் ஏடு 01, அலெக்சாந்திரிய ஏடு 02, வத்திக்கான் ஏடு 03, பாரிஸில் உள்ள எஃப்ராயீம் ஏடு 04. கிரேக்க, லத்தீன் இலக்கியப் படிகளுக்கு இப்படி ஒரே பட்டியல் கிடையாது. அங்கே நூலக எண்தான் கதி.

அடுத்து ஏட்டின் அமைப்பு. சினாய் ஏட்டில் பக்கத்துக்கு நான்கு செங்குத்து நிரல், நிரலுக்கு 48 வரி, வரிக்கு ஏறத்தாழ 12 முதல் 14 எழுத்து. சங்கீதம் போன்ற பாட்டு நூல்களில் மட்டும் இரண்டு நிரல். வத்திக்கான் ஏட்டில் மூன்று நிரல், அலெக்சாந்திரிய ஏட்டில் இரண்டு. எந்த ஏட்டை எடுத்தாலும் இந்த எண்ணிக்கையை முதலிலேயே குறித்து வையுங்கள். சொற்கள் விடுபட்ட இடத்துக்கு வரும்போது இது தேவைப்படும்.

பக்கத்தைத் திறந்ததும் 'இது எந்த வசனம்?' என்ற திண்டாட்டம் வரும். அதிகார எண்கள் 13-ஆம் நூற்றாண்டில் வந்தவை. புதிய ஏற்பாட்டின் இன்றைய வசன எண்களை அச்சாளர் ராபர்ட் எஸ்தியேன் 1551-இல் போட்டார். பழைய ஏடுகளில் இரண்டுமே இருக்காது. நற்செய்தி நூல்களில் மட்டும் ஒரு நல்ல வழி உண்டு. நான்காம் நூற்றாண்டில் திருச்சபை வரலாற்றாசிரியர் எயுசேபியுஸ் வகுத்த பகுதி எண்கள் பல ஏடுகளின் ஓரத்தில் கிரேக்க எழுத்தெண்களாக இருக்கும். மத்தேயுவில் 355 பகுதி, மாற்கில் 233, லூக்காவில் 342, யோவானில் 232. நெஸ்லே-ஆலந்து எனப்படும் கிரேக்கப் புதிய ஏற்பாட்டு அச்சுப் பதிப்பின் உள் ஓரத்திலும் அதே எண்கள் உண்டு. ஏட்டில் ஓர் எண்ணைப் படித்து, அச்சில் அதே எண்ணைத் தேடினால் இடம் கிடைத்துவிடும். நிருபங்களில் இந்த வசதி இல்லை. தலையில் கோடிட்ட சுருக்கச் சொற்கள் (இவற்றைப் பின்னால் பார்ப்போம்) எந்த வரிசையில் வருகின்றன என்று பார்த்து அச்சோடு பொருத்தவேண்டியதுதான்.

எழுத்தைப் பழகுதல்

சொற்களுக்கு இடையே இடைவெளி இல்லை. புள்ளியும் இடைவெளியும் இல்லாத பனையோலைச் சுவடியைப் பார்த்தவர்களுக்கு இது மிரட்டலாக இருக்காது. அங்கே செய்வதுபோலவே எழுத்துக் கூட்டிப் படித்து, பொருள் பார்த்துப் பிரிக்கவேண்டும்.

பாடநூலில் இருக்கும் எழுத்து அட்டவணையை நம்பாதீர்கள். நீங்கள் எடுத்த பக்கத்திலிருந்தே ஒவ்வோர் எழுத்துக்கும் மூன்று மாதிரிகளைத் திரையில் வெட்டி ஒரே தாளில் ஒட்டுங்கள்: வரித் தொடக்கத்தில் ஒன்று, நடுவில் ஒன்று, கடைசியில் ஒன்று. வரி முடிவில் இடம் போதாதபோது எழுத்தர் எழுத்தைப் பாதியாகச் சுருக்கிவிடுவார். புதியவர்கள் அதைப் பிற்காலச் செருகல் என்று எண்ணிவிடுகிறார்கள். வரிக் கடைசியில் நியூ எழுத்துக்குப் பதிலாக முந்தைய உயிரெழுத்தின் மேல் வெறும் கோடு வரும். 'மற்றும்' என்று பொருள்படும் 'கை' என்ற கிரேக்கச் சொல், கப்பாவின் காலில் வளைந்த ஒரு கீற்றாகச் சுருங்கிவிடும். யோட்டா, உப்சிலோன் மேல் இருக்கும் இரட்டைப் புள்ளி அசைக்குறி (உச்சரிப்பில் அழுத்தம் காட்டும் குறி) அல்ல. அந்த எழுத்தைத் தனித்துக் காட்டும் அடையாளம்.

எழுத்துக் குழப்பம் குடும்பம் குடும்பமாக வரும். சிக்மா ஆங்கில 'சி' வடிவில் இருக்கும். அதன் நடுவே ஒரு கோடு இட்டால் எப்சிலோன். முழு வட்டம் ஓமிக்ரோன்; வட்டத்துக்குள் கோடு இருந்தால் தீட்டா. பேனா படுக்கையாக ஓடும்போது கோடு மெலிகிறது, மை குறைவாகப் பதிகிறது. ஆகவே மங்கும்போது முதலில் மறைவதும் அந்தப் படுக்கைக் கோடுதான். எப்சிலோன் சிக்மாவாகவும் தீட்டா ஓமிக்ரோனாகவும் தெரிவது இதனால். சினாய் ஏட்டுத் தளத்தில் நேர்வெளிச்சப் படம் தவிர, பக்கவாட்டிலிருந்து ஒளி பாய்ச்சி எடுத்த படமும் இருக்கிறது. சந்தேகம் வந்தால் அதற்கு மாறுங்கள். மை போனாலும் தோலில் அது அரித்த பள்ளம் சில இடங்களில் நிழலாகத் தெரியும். எழுதுவதற்காக அழுத்தி இழுத்த மையில்லாக் கோடுகளும், சுரண்டிய இடங்களின் சொரசொரப்பும் அதில்தான் துலங்கும்.

இன்னொரு குடும்பம் காமா, டாவ், பை. மூன்றுக்கும் மேலே ஒரு கோடு, கீழே ஒன்றோ இரண்டோ கால். 2 பேதுரு 2:13-இல் சில படிகள் 'அபதைஸ்' (வஞ்சகங்கள்) என்றும், சில 'அகபைஸ்' (அன்பு விருந்துகள்) என்றும் படிப்பதற்கு இந்தக் கால் கணக்கும் துணைபோயிருக்கும். ஆல்ஃபா, டெல்டா, லாம்டா மூன்றும் கூரை வடிவம். இரண்டு லாம்டா அடுத்தடுத்து வந்தால் மியூ போலத் தெரியும். ரோமர் 6:5-இல் 'அல்லா' என்பது சில படிகளில் 'ஹமா' ஆனது அப்படித்தான்.

பத்தி பிரிப்பதிலும் ஒரு கண்ணி உண்டு. சினாய் ஏட்டில் புதுப் பத்தியின் முதல் எழுத்து இடப்பக்கம் சற்றே வெளியே துருத்தி நிற்கும். அலெக்சாந்திரிய ஏட்டில் பத்தி வரியின் நடுவில் தொடங்கினால், அடுத்த வரியின் முதல் எழுத்தைப் பெரிதாக்கிவிடுவார்கள், அது ஒரு சொல்லின் நட்ட நடு எழுத்தாக இருந்தாலும் சரி. பெரிய எழுத்தைக் கண்டதும் அங்கே வாக்கியம் தொடங்குகிறது என்று எழுதிவிடக்கூடாது.

சுருக்கங்களை விரிக்காதீர்கள்

கடவுள், ஆண்டவர், இயேசு, கிறிஸ்து முதலிய ஏறத்தாழ 15 சொற்களைக் கிறிஸ்தவ எழுத்தர்கள் சுருக்கியே எழுதினார்கள். பெரும்பாலும் முதலெழுத்தும் கடைசி எழுத்தும், மேலே ஒரு கோடு. 'தெயோஸ்' என்பது தீட்டா-சிக்மா. 'கூரியோஸ்' கப்பா-சிக்மா. ஆவியைக் குறிக்கும் 'ப்னெவ்மா' பை-நியூ-ஆல்ஃபா. மனிதனைக் குறிக்கும் 'ஆந்த்ரோபோஸ்' நடு வயிறு போய் ஆல்ஃபா-நியூ-ஓமிக்ரோன்-சிக்மா ஆகிவிடும். தாவீது டெல்டா-ஆல்ஃபா-டெல்டா. ஆனால் ஒரே எழுத்தர் ஒரே பக்கத்தில் ஒரு சொல்லை ஒருமுறை சுருக்குவார், மறுமுறை முழுதாக எழுதுவார். எனவே பெயர்த்தெழுதும்போது கோட்டோடு சுருக்கத்தை அப்படியே எழுதுங்கள். விரிவை வேறொரு நிரலில் போட்டுக்கொள்ளலாம்.

ஏன் இத்தனை கண்டிப்பு என்றால், 1 தீமோத்தேயு 3:16-ஐப் பாருங்கள். பழைய தமிழ் விவிலியத்தில் 'தேவன் மாம்சத்திலே வெளிப்பட்டார்' என்று இருக்கும் வசனம். கிரேக்கத்தில் 'தேவன்' என்றால் தீட்டா-சிக்மா, மேலே கோடு. 'அவர்' என்ற பொருளில் வரும் 'ஹோஸ்' ஓமிக்ரோன்-சிக்மா. இரண்டுக்கும் வித்தியாசம் இரண்டு மெல்லிய கோடுகள்: வட்டத்துக்குள் ஒன்று, சொல்லுக்கு மேல் ஒன்று. சினாய் ஏட்டில் முதற்கை, அதாவது முதலில் எழுதிய எழுத்தர், எழுதியது 'ஹோஸ்'. வெகுகாலம் கழித்து வந்த ஒருவர் அதன் மேலே தீட்டா, எப்சிலோன் என்ற இரண்டு எழுத்தைச் சேர்த்திருக்கிறார். அலெக்சாந்திரிய ஏட்டில் நிலைமை இன்னும் சிக்கல். அங்கே வட்டத்தின் நடுவே ஒரு கோடு தெரிகிறது. அது மறுபக்கத்து எப்சிலோன் ஒன்றின் நடுக்கோடு தோல் வழியே கசிந்து தெரிவதுதான் என்று 18-ஆம் நூற்றாண்டில் வெட்ஷ்டைன் என்ற அறிஞர் சொன்னார். நூற்றைம்பது ஆண்டு சண்டை நடந்த இடம் அது.

இதற்குத் திரையிலேயே ஒரு சோதனை இருக்கிறது. ஏட்டின் மறுபக்கப் படத்தை எடுத்து, இடம் வலமாகத் திருப்பி, முன்பக்கப் படத்தின்மேல் பாதி ஒளிபுகும்படி வையுங்கள். ஏட்டின் விளிம்புகளையும் ஓட்டைகளையும் வைத்துப் பொருத்துங்கள். சந்தேகக் கோட்டுக்கு நேர் பின்னால் எந்த எழுத்தின் எந்தக் கோடு விழுகிறது என்று தெரிந்துவிடும். கிம்ப் போன்ற இலவச மென்பொருளே போதும்.

எழுதும் முறை

ஏட்டின் ஒரு வரி உங்கள் கோப்பிலும் ஒரு வரி. வரியின் தொடக்கத்தில் ஏடு, பக்கம், நிரல், வரி எண். ஒருங்குறிக் கிரேக்க எழுத்தில், பேரெழுத்து, சிற்றெழுத்து இரண்டில் ஒன்றை மட்டும் கடைசிவரை பயன்படுத்துங்கள். சிற்றெழுத்தில் எழுதினால், சொல் முடிவில் வரும் சிக்மாவுக்கு விசைப்பலகை வேறு வடிவம் தரும். அதை ஒரே வடிவமாக்கிவிடுங்கள். இல்லாவிட்டால் பின்னால் கணினியில் ஒப்பிடும்போது இல்லாத பாடபேதங்கள் வந்து குவியும்.

குறியீடுகளுக்கு 1931-இல் லைடனில் ஒப்புக்கொண்ட முறை இன்றும் செல்லுபடி. ஐயமான எழுத்தின் அடியில் புள்ளி. அழிந்துபோன இடத்துக்குச் சதுர அடைப்பு. எத்தனை எழுத்து போயிருக்கும் என்பதைப் புள்ளிகளால் காட்டவேண்டும். சுருக்கத்தின் விரிவுக்கு வளைவு அடைப்பு. எழுத்தரே அழித்ததற்கு இரட்டைச் சதுர அடைப்பு.

ஐயப் புள்ளியை எங்கே வைப்பது என்பதில்தான் ஆளுக்கு ஆள் வேறுபடுகிறார்கள். ஒரு தாளில் எழுத்தளவு ஓட்டை போட்டுத் திரையில் வைத்துப் பாருங்கள். அக்கம்பக்கம் தெரியாமல் அந்த எழுத்தை மட்டும் பார்த்து இன்னது என்று சொல்லமுடியாவிட்டால் புள்ளி வையுங்கள். 'இந்தச் சொல்லில் வேறென்ன எழுத்து வரமுடியும்' என்ற வாதம் இங்கே எடுபடாது.

அழிந்த இடத்தில் எத்தனை எழுத்து என்று கணக்கிட, மேலும் கீழும் முழுதாக இருக்கும் வரிகளில் அதே அகலத்துக்குள் எத்தனை எழுத்து இருக்கின்றன என்று எண்ணிச் சராசரி எடுங்கள். யோட்டா ஒல்லி, மியூவும் ஒமேகாவும் அகலம். எனவே நிரப்ப நினைக்கும் சொல்லை, அதே பக்கத்திலிருந்து வெட்டிய எழுத்துகளால் அமைத்து அந்த இடைவெளியில் வைத்துப் பார்ப்பதே நம்பகமானது. ஊகம் பல இங்கேயே உடைந்துபோகும்.

எழுதி முடித்ததும் கடைசி வரியிலிருந்து முதல் வரிக்குத் தலைகீழாகச் சரிபாருங்கள். வாக்கிய ஓட்டம் அறுந்துபோவதால் நினைவு குறுக்கே வராது. இரண்டு பேர் தனித்தனியே எழுதி, கணினியில் ஒப்பிட்டு, வேறுபடும் இடங்களை மட்டும் மூன்றாவது ஆள் படத்தில் பார்த்துத் தீர்ப்பது பெரிய பதிப்புத் திட்டங்களின் வழக்கம். அச்சுப் பாடத்தைத் திரையில் வைத்து, மாறும் இடத்தை மட்டும் திருத்துவதும் அங்கே உண்டு. வேகம் வரும், ஆனால் கை பழகாதவர்கள் அப்படிச் செய்தால் அச்சில் இருப்பதே ஏட்டில் இருப்பதாகத் தெரியத் தொடங்கும். முதல் பத்துப் பக்கத்தையாவது வெற்றுத் தாளிலிருந்து எழுதுங்கள்.

எத்தனை கைகள்?

சினாய் ஏட்டில் திருத்தங்கள் ஆயிரக்கணக்கில் உண்டு. எழுத்தர்களே செய்தவை சில. நூற்றாண்டுகள் கழித்து வந்தவர்கள் செய்தவை பல. நீக்கவேண்டிய எழுத்தின் மேல் புள்ளி, வரிக்கு மேல் சிறு எழுத்து, சுரண்டி எழுதியது என்று வழிகள் பல. விடுபட்ட நீண்ட பகுதியைப் பக்கத்தின் மேலோ கீழோ எழுதி, 'ஆனோ' (மேலே), 'காதோ' (கீழே) என்று குறிப்பார்கள். அவற்றைத் தவறவிட்டால் ஏட்டில் வசனமே இல்லை என்று எழுதிவிடுவீர்கள். ஓரங்களையும் சேர்த்துப் படம் எடுங்கள். எழுத்துப் பகுதியை மட்டும் வெட்டாதீர்கள்.

ஒவ்வொரு திருத்தத்துக்கும் இரண்டு பதிவு: முதற்கை என்ன எழுதியது, திருத்தியபின் என்ன ஆனது. யார் திருத்தியது என்பது மூன்றாவது கேள்வி. மை நிறம் மட்டும் போதாது, எழுத்தின் வடிவமும் வேண்டும்.

முதற்கையே தன்னைத் திருத்திக்கொள்வதும் உண்டு. யோவான் நற்செய்தியின் கடைசி வசனமான 21:25, சினாய் ஏட்டில் வேறு கையால் சேர்க்கப்பட்டது என்று, அந்த ஏட்டை வெளியுலகுக்குக் கொண்டுவந்த டிஷண்டோர்ஃப் 19-ஆம் நூற்றாண்டில் சந்தேகப்பட்டார். 1933-இல் சோவியத் அரசிடமிருந்து 1,00,000 பவுண்டுக்கு ஏடு லண்டன் வந்தபின் மில்ன், ஸ்கீட் என்ற ஆய்வாளர் இருவரும் புற ஊதா ஒளியில் பார்த்தார்கள். எழுத்தர் முதலில் 24-ஆம் வசனத்தோடு முடித்து, முடிவு அலங்காரமும் நூற்பெயரும் எழுதியிருக்கிறார். பிறகு அவரே அவற்றைக் கழுவிவிட்டு 25-ஐ எழுதி, அலங்காரத்தைக் கீழே மறுபடி போட்டிருக்கிறார். சாதாரணப் படத்தில் இது தெரியாது.

வத்திக்கான் ஏட்டில் வேறு விதச் சிக்கல். மங்கிப்போன எழுத்துகளை இடைக்காலத்தில் ஒருவர் ஏறத்தாழ முழுவதும் மீண்டும் மை பூசி, அசைக்குறியும் சேர்த்துவிட்டார். தவறு என்று அவர் நினைத்த எழுத்துகளை மட்டும் பூசாமல் விட்டார். ஆகவே அங்கே வெளிறிக் கிடக்கும் எழுத்துதான் பழைய எழுத்தரின் கை நேரடியாகத் தெரியும் இடம். அதே ஏட்டில் எபிரெயர் 1:3-இன் ஓரத்தில் ஒரு வசவு இருக்கிறது. முதற்கை 'ஃபனெரோன்' (வெளிப்படுத்துகிறவர்) என்று எழுத, யாரோ 'ஃபெரோன்' (தாங்குகிறவர்) என்று திருத்த, பின்னால் வந்த ஒருவர் பழையதை மீட்டுவிட்டு, 'மூடனே, கயவனே, பழையதை விடு, மாற்றாதே' என்று எழுதிவைத்துவிட்டார். மற்ற எல்லாப் படிகளோடும் ஒப்பிட்டால் சரியான பாடம் 'ஃபெரோன்' என்றே பதிப்பாசிரியர்கள் கொள்கிறார்கள். ஆனாலும் பெயர்த்தெழுதுபவரின் தரப்பில் நியாயம் திட்டியவர் பக்கம்தான்.

ஒப்பிடுதல்

அச்சுப் பாடம் ஒன்றை அளவுகோலாக வைத்து வேறுபாடுகளைக் குறியுங்கள். எது மூலம் என்ற தீர்ப்பு அல்ல இது. எந்த அளவுகோல் என்பதைத் தலைப்பிலேயே எழுதிவிட்டால் போதும்.

முதலில் கொட்டுவது எழுத்துக்கூட்டல் வேறுபாடு. எப்சிலோன்-யோட்டா சேர்ந்ததும் வெறும் யோட்டாவும் உச்சரிப்பில் ஒன்றாகிவிட்டதால் எழுத்தர்கள் மாற்றி மாற்றி எழுதினார்கள். சினாய் ஏட்டின் எழுத்தர்களில் 'டி' என்று பெயரிடப்பட்டவர் நன்றாக எழுத்துக்கூட்டுவார். 'பி' மிக மோசம். இவற்றைத் தனிப் பட்டியலில் வையுங்கள், ஆனால் எறிந்துவிடாதீர்கள். ரோமர் 5:1-இல் ஓமிக்ரோன் என்றால் 'சமாதானம் பெற்றிருக்கிறோம்', ஒமேகா என்றால் 'பெற்றிருப்போமாக'. சினாய், வத்திக்கான் இரண்டிலுமே முதற்கை எழுதியது ஒமேகா; இரண்டிலும் பின்னர் ஓமிக்ரோனாகத் திருத்தப்பட்டிருக்கிறது. இது வெறும் உச்சரிப்புக் குழப்பமா என்பதை அதே எழுத்தர் மற்ற இடங்களில் இந்த இரண்டு எழுத்தையும் எப்படிக் கையாளுகிறார் என்று பார்த்துத்தான் சொல்லமுடியும். அதற்குத்தான் அந்தப் பட்டியல்.

விடுபாடு கண்டால் உடனே இரண்டு கேள்வி கேளுங்கள். விடுபட்ட பகுதியின் கடைசிச் சொற்களும் அதற்கு முன் நிற்கும் சொற்களும் ஒன்றா? அதில் எத்தனை எழுத்து? வத்திக்கான் ஏட்டில் யோவான் 17:15 நல்ல எடுத்துக்காட்டு. 'அவர்களை உலகத்திலிருந்து எடுத்துக்கொள்ளும்படி அல்ல, தீயோனிடமிருந்து காக்கும்படி வேண்டுகிறேன்' என்பதில் 'அவர்களை ... இருந்து' என்று பொருள்படும் கிரேக்கச் சொற்கள் இருமுறை வருகின்றன. எழுத்தரின் கண் முதலாவதிலிருந்து இரண்டாவதற்குத் தாவிவிட்டது. நடுவே விழுந்தது 30 எழுத்து. மிஞ்சியதோ 'அவர்களைத் தீயோனிடமிருந்து எடுக்கும்படி நான் வேண்டவில்லை' என்று ஆகிவிட்டது! பிறகு திருத்தியிருக்கிறார்கள். விடுபாட்டின் எழுத்து எண்ணிக்கை ஒரு வரிக்கோ இரண்டு வரிக்கோ சரியாக வந்தால், முன்னிருந்த மூலப்படியில் வரி தாவியிருக்கலாம் என்றும் ஐயப்படலாம்.

எண்ணிக்கை எவ்வளவு தூரம் கொண்டுபோகும் என்பதற்கு லத்தீன் கவிஞர் லுக்ரேசியஸின் நூல் சாட்சி. அதன் 9-ஆம் நூற்றாண்டுப் படிகள் இரண்டு லைடனில் இருக்கின்றன. நீண்டதற்கு ஓப்லாங்கஸ் என்றும் சதுரமானதற்குக் குவாட்ராட்டஸ் என்றும் பெயர். குவாட்ராட்டஸில் நான்கு பகுதிகள் உரிய இடத்தில் இல்லாமல் நூலின் கடைசியில் கிடக்கின்றன. ஒன்று முதல் புத்தகத்தின் 734 முதல் 785 வரை, இன்னொன்று இரண்டாம் புத்தகத்தின் 253 முதல் 304 வரை, மற்றொன்று ஐந்தாம் புத்தகத்தின் 928 முதல் 979 வரை. முதல் வரியையும் கடைசி வரியையும் சேர்த்து எண்ணிப் பாருங்கள், ஒவ்வொன்றும் 52 வரி. நான்காவதில் 50 வரிதான், ஆனால் இரண்டு தலைப்பு சேர்ந்தால் அதுவும் 52. மூலப்படியில் பக்கத்துக்கு 26 வரி, ஏட்டுக்கு இரண்டு பக்கம். நான்கு ஏடுகள் கழன்று விழுந்து, கடைசியில் செருகப்பட்டிருக்கின்றன. இன்று இல்லாத அந்த மூலப்படியின் பக்க அமைப்பை ஜெர்மானிய அறிஞர் லாக்மன் 1850-இல் இந்த வகைக் கணக்கால் மீட்டெடுத்தார்.

அழித்தெழுதிய ஏடுகள்

தோல் விலை அதிகம் என்பதால் பழைய எழுத்தைச் சுரண்டிக் கழுவி மேலே வேறு நூலை எழுதுவார்கள். எஃப்ராயீம் ஏட்டில் ஐந்தாம் நூற்றாண்டு விவிலியத்தின் மேல் 12-ஆம் நூற்றாண்டில் சிரிய எழுத்தாளர் எஃப்ராயீமின் உரைகள் ஏறின. ஆர்க்கிமிடீசின் நூல்கள் இருந்த 10-ஆம் நூற்றாண்டு ஏடுகள் 1229-இல் செப நூலாயின. செப நூலுக்காக ஏடுகளைப் பிரித்து, குறுக்கே மடித்து, 90 பாகை திருப்பித் தைத்தார்கள். எனவே அடியெழுத்து மேலெழுத்துக்குக் குறுக்காக ஓடும். சில வரிகள் தையலுக்குள் புதைந்திருக்கும். இத்தகைய படத்தைத் திருப்பி, மேலெழுத்து உங்களுக்குச் செங்குத்தாக நிற்கும்படி வைத்துப் படியுங்கள். மேலெழுத்தைக் கண் தானாகவே ஒதுக்கப் பழகிவிடும்.

படத்தை வண்ணக் கூறுகளாகப் பிரித்துப் பார்ப்பது இங்கே பெரிய உதவி. மங்கிய பழுப்பு மை நீல ஒளியை நன்றாக உறிஞ்சும். ஆகவே நீலக் கூறில் அது கறுத்துத் தெரியும், சிவப்புக் கூறில் ஏறத்தாழ மறைந்துவிடும். ஆர்க்கிமிடீஸ் ஏட்டில் பணியாற்றியவர்கள் சாதாரண ஒளியின் சிவப்புக் கூறையும் புற ஊதா ஒளியின் நீலக் கூறையும் ஒரே படத்தில் சேர்த்தார்கள். இரண்டிலும் கறுப்பாக உள்ள மேலெழுத்து கறுப்பாகவே நிற்க, ஒன்றில் மட்டும் தெரியும் அடியெழுத்து சிவப்பாகப் பிரிந்து வந்தது. அந்தப் படங்கள் இணையத்தில் இலவசம், பழக ஏற்றவை. அழுத்திச் சுருக்கிய சிறிய படக் கோப்பில் இந்த வித்தை பலிக்காது. எழுத்தைச் சுற்றிச் சதுரம் சதுரமாக வரும் இரைச்சலைக் கோடு என்று படித்துவிடுவீர்கள்.

எஃப்ராயீம் ஏட்டில் இன்னொரு தொல்லை. எழுத்தைத் துலக்குவதற்காக 1834-இல் பூசிய வேதிப்பொருள் அப்போதைக்கு உதவியது, பின்னர் கறையாக நின்றுவிட்டது. கறையின் விளிம்பில் தெரியும் எந்தக் கோட்டுக்கும் ஐயப் புள்ளி வைப்பதே பாதுகாப்பு.

தேதி

எழுத்து வடிவத்தை மட்டும் வைத்துத் தேதி சொன்னால் ஐம்பது ஆண்டுக்குக் குறைந்த இடைவெளியில் சொல்லாதீர்கள். மான்செஸ்டரில் உள்ள பி52 என்ற யோவான் துண்டு உள்ளங்கைக்குள் அடங்கும். அதை '125' என்று ஒற்றை ஆண்டாகச் சொல்லிப் பரப்பிவிட்டார்கள். ஒப்பிடக் கிடைக்கும் கையெழுத்துகள் இரண்டாம் நூற்றாண்டின் கடைசிவரையும் அதைத் தாண்டியும் இழுக்கின்றன.

எழுத்தரே தேதி எழுதிய இடத்தில் கணக்கு எளிது. பைசாந்திய எழுத்தர்கள் உலகம் படைக்கப்பட்டதிலிருந்து ஆண்டு எண்ணினார்கள், அந்த ஆண்டு செப்டம்பர் 1-இல் பிறக்கும். சனவரி முதல் ஆகஸ்டு வரையான மாதம் என்றால் 5508-ஐயும், செப்டம்பர் முதல் டிசம்பர் வரை என்றால் 5509-ஐயும் கழிக்கவேண்டும். தேதியுள்ள கிரேக்கச் சிற்றெழுத்துப் படிகளில் மிகப் பழையது உஸ்பென்ஸ்கி நற்செய்தி, கிரகரி-ஆலந்து எண் 461. அதன் முடிவுரையில் மே மாதம் 7, ஆண்டு 6343, வரிச்சுற்று 13 என்று இருக்கிறது. ஆண்டு நான்கு எழுத்தில் வரும்: இடது அடியில் சிறு கீற்றுடன் ஸ்டிக்மா 6000, டாவ் 300, மியூ 40, காமா 3. 5508 போனால் 835.

வரிச்சுற்று (எழுத்து வரி அல்ல, ரோமானியர் காலத்து வரிவிதிப்புச் சுற்று) என்பது 15 ஆண்டுக்கு ஒருமுறை திரும்பும் எண். அதுதான் சரிபார்க்கும் கருவி. கிடைத்த ஆண்டோடு 3 கூட்டி (செப்டம்பருக்குப் பின் என்றால் 4) 15-ஆல் வகுத்து மீதி பாருங்கள். 838-ஐ 15-ஆல் வகுத்தால் மீதி 13; பொருந்துகிறது. மீதி இல்லாமல் போனால் 15-ஆம் ஆண்டு. இரண்டும் பொருந்தாவிட்டால் எழுத்தரைக் குறைசொல்லும் முன் எண்ணெழுத்துகளை மறுபடி பாருங்கள். 6-க்கான ஸ்டிக்மா, 90-க்கான கோப்பா, 900-க்கான சம்பி ஆகிய மூன்றும் வழக்கமான 24 எழுத்தில் சேராதவை என்பதால் பெரும்பாலும் அங்கேதான் தவறு ஒளிந்திருக்கும். அப்படியும் பொருந்தாவிட்டால் ஏட்டில் உள்ள இரண்டு எண்ணையும் அப்படியே எழுதி, பக்கத்தில் உங்கள் கணக்கைத் தனியாகக் குறித்துவிடுங்கள்.